குலசேகரம் பக்கம் எடுத்த அந்த ‘ஏ’ படமும் அதுக்க ஏழாவது ரீலும்

கேள்வி, இரணியல் வாசகர், 9 ஜூன் 2024

2001, 2002 வாக்குல நம்ம கன்னியாகுமரி ஜில்லாவுல ரப்பர் தோட்டத்துல வச்சு ஒரு யட்சி படம் எடுத்தாங்க, மார்த்தாண்டம் பக்கம் நூன் ஷோ ஓடுச்சு. நான் அப்ப பிளஸ் டூ, பாக்கல. அதுல நடிச்ச பொம்பளையேதான் பிட்டு சீன்லயும், அதாவது நடுவுல வர்ற ஆபாசக் காட்சியிலயும், நடிச்சிருக்கான்னு பசங்க எல்லாம் அடிச்சு சொல்லுவாங்க. அதை எடுத்தவங்க யாராவது இங்க இருக்கீங்களா? இந்த மாதிரி படத்தை எல்லாம் எப்படித்தான் எடுத்தாங்க, யாரு காசு போட்டாங்க?

9 ஜூன் 2024, ராத்திரி 11.20

அந்த அக்கா அப்படி ஒரு சீன்ல நடிக்கல. இதை முதல்ல எழுதிடுறேன், மிச்சம் எல்லாம் பொறவு.

நான் அந்தப் படத்துல வேலை பாத்தவன். பாலிடெக்னிக் முடிச்சிட்டு சும்மா நின்ன நேரம், எங்க சித்தப்பாக்க டெம்போவை ஜெனரேட்டர் இழுக்க வாடகைக்கு எடுத்தாவ, டெம்போ கூட நானும் போனேன், ஊரு வழி தெரிஞ்ச பையன்னு புரொடக்‌ஷன்ல வச்சுக்கிட்டாவ. ஒரு நாளைக்கு 75 ரூபா பேட்டா, மூணு நேரம் சாப்பாடு. படம் முடிஞ்ச பொறவு அதே படத்துக்கு பிலிம் பெட்டியை கொட்டகைக்கு கொண்டு போற ரெப்பாவும் (பிரதிநிதி) நாலு மாசம் ஓடினேன். அதனால எடுக்கும்போது என்ன எடுத்தாவ, கொட்டகையில என்ன ஓடுச்சு, ரெண்டையும் பக்கத்துல நின்னு பாத்திருக்கேன்.

படத்துக்க பேரு எழுத மாட்டேன், கேக்காதீங்க. அந்த அக்காக்க பிள்ளைகள் இப்ப வளந்து வேலைக்குப் போற வயசு.

10 ஜூன் 2024, காலை 6.50

யாரு காசு போட்டான்னு கேட்டதுக்கு. ரெண்டு பேரு கூட்டு. ஒருத்தர் அண்டியாபீஸ், அதாவது முந்திரிக்கொட்டை ஆலை, நடத்தினவர், இன்னொருத்தர் திருவனந்தபுரத்துல சின்னப் படங்களை வாங்கி விக்கிறவர். அந்த நேரம் கேரளாவுல என்ன நடந்துட்டு இருந்துன்னு ஓர்மை இருக்கவங்களுக்குத் தெரியும், 2000ல ஷகிலா நடிச்ச கின்னாரத்தும்பிகள் படம் ஓடின ஓட்டம், ஷகிலா போஸ்டர் இல்லாத முக்கு கிடையாது, பெரிய நடிகர் படம் வச்சிருந்த கொட்டகைக்காரங்களே நூன் ஷோவுக்கு இந்தப் படம் கேட்டு நின்னாவ. கொஞ்சம் காசைப் போட்டா பத்து மடங்கா வரும்னு ஒரு நம்பிக்கை, அதுல நம்ம அண்டியாபீஸ் அண்ணாச்சியும் விழுந்தாரு.

ஏன் நம்ம ஊருன்னா, இங்க வச்சு எடுத்தா மலையாளம் தமிழ் ரெண்டுக்கும் ஒரே செலவு. டெக்னீஷியன் பாதி பேரு திருவனந்தபுரத்துக்காரங்க, களியக்காவிளை தாண்டினா ரெண்டு மணி நேரத்துல வீடு. காடு வேணும்னா ரப்பர் தோட்டம், அருவி வேணும்னா திற்பரப்பு, உயரமா பயங்காட்ட மாத்தூர் தொட்டிப்பாலம், கடல் வேணும்னா முட்டம். எல்லாம் ஒரு டெம்போ டீசல்ல முடியும். முட்டத்துல பாரதிராஜா எடுத்த பாறையில நிக்க வைக்கணும்னு எங்க டைரக்டருக்கு ஒரே ஆசை, ஒரு நாள் முழுக்க அங்க போக்கினாரு, அந்தி மழை வந்து ஒரு ஷாட்டும் தேறல.

10 ஜூன் 2024, ராத்திரி 10.05

எப்படி எடுத்தாங்கன்னு கேட்டீங்கள்ள, எல்லாமே பிலிம் கணக்குதான். இப்ப போன்ல எடுக்கிற பிள்ளைகளுக்கு இது புரியணும். 400 அடி ரோல் ஒண்ணு கேமராவுல மாட்டினா நாலரை நிமிஷத்துல தீந்துரும். 1000 அடிக்கு பத்து நிமிஷம். எங்க படம் 12 ரீல். மொத்தமா 30,000 அடிக்குள்ள ஷூட்டிங் முடிக்கணும்னு மேனேஜர் டைரியில எழுதி வச்சிருந்தாரு, அதாவது ஒரு ஷாட்டுக்கு மூணு டேக் கூட முழுசா கிடையாது. அதுலயும் பாதி புது ரோல் இல்ல, பெரிய படங்கள்ல எடுத்து மிஞ்சின துண்டு ரோல், 80 அடி, 120 அடின்னு டப்பா மேல எழுதி ஒட்டியிருக்கும். எந்த ஷாட் எத்தனை செகண்டுன்னு பாத்து அதுக்கு ஏத்த டப்பாவை எடுத்துக் குடுக்க தனியா ஒரு பையன். அரிசி அளக்க மாதிரி அளந்தாவ.

அதனால ரிகர்சல் பத்து தடவை, டேக் ஒண்ணு. வசனம் மறந்தாலும் பரவாயில்ல, வாயை அசைச்சா போதும், டப்பிங்ல பாத்துக்கலாம். கேமரா பழைய ஆரிஃபிளெக்ஸ் 2சி, ஓடுச்சுன்னா தையல் மெஷின் மாதிரி சத்தம், அந்தச் சத்தத்துல எவனும் நேரடி சவுண்ட் எடுக்க முடியாது, அசிஸ்டென்ட் பக்கத்துல நின்னு வசனத்தை உரக்கச் சொல்லுவான், ஆர்ட்டிஸ்ட் திருப்பிச் சொல்லுவாவ. அக்காக்கு தெலுங்குதான் தாய்மொழி, தமிழ் நல்லா வரும், மலையாளம் வராது. நீளமான வசனம் வந்தா ஒண்ணு ரெண்டு மூணுன்னு எண்ணிக்கிட்டே அழுவாவ. நிஜமாவே அழுவாவ, கண்ணுல வெள்ளம் நிக்கும், ஆனா வாயில நாப்பத்தொண்ணு நாப்பத்திரண்டு. எனக்கு அது இப்பவும் பெரிய வித்தையாத்தான் தெரியுது.

டைரக்டரைப் பத்தியும் ஒரு வார்த்தை. இந்த மாதிரி படம் எடுக்கவன்னா வாயில வெத்திலை போட்டுக்கிட்டு பொம்பளையை முறைக்கவன்னு நீங்க நினைச்சா தப்பு. அம்பது வயசு மனுஷன், பெரிய படங்கள்ல இருபது வருஷம் அசோசியேட்டா இருந்தவர், சொந்தப் படம் ஒண்ணு கூட கிடைக்கல, கிடைச்சது இதுதான். ஷாட்டை எல்லாம் நோட்டுல படமா வரைஞ்சு வச்சிருப்பாரு. நல்ல பேய்ப்படம் ஒண்ணு எடுக்கணும்னு நெசமாவே நினைச்சாரு. காசு போட்டவங்களுக்கு குளிக்கிற சீன் ஒண்ணு, மழைப்பாட்டு ஒண்ணு, ஒரு ஏ சர்டிபிகேட், அது போதும். அந்த மூணையும் குடுத்துட்டு மிச்ச ரெண்டு மணி நேரத்தை தனக்காக எடுத்துக்கிட்டாரு.

11 ஜூன் 2024, உச்சைக்கு

திருத்தம். 1000 அடிக்கு பத்து நிமிஷம்னு எழுதிட்டேன். ஒரு நிமிஷத்துக்கு 90 அடி ஓடும், அப்ப 11 நிமிஷம் சொச்சம். பழைய ஆப்பரேட்டர் ஒருத்தர் இதைப் படிச்சிட்டு காலையிலேயே போன் போட்டு சொன்னாரு. அவரைப் பத்தி பொறவு எழுதுறேன்.

12 ஜூன் 2024, ராத்திரி 9.30

யட்சி கதைன்னு சொல்லி எடுத்தது நம்ம கள்ளியங்காட்டு நீலி கதைதான். பார்வதிபுரம் பக்கத்துல கள்ளியங்காடு, அங்க உள்ள நீலி, நாங்க இசக்கின்னு கும்பிடுற தெய்வம். நகைக்கு ஆசைப்பட்டு ஒருத்தன் தன்னை நம்பி வந்த பொம்பளையைக் கொன்னுடுறான், அவ மறுபிறவி எடுத்து, கள்ளிக் கொம்பை ஒடிச்சு பிள்ளையாக்கி இடுப்புல வச்சுக்கிட்டு, இவன் எனக்கு மாப்பிள்ளைன்னு ஊர் முன்னால வந்து நிக்கா. இசக்கி கோயில் கொடைக்கு வில்லுப்பாட்டுல இதைக் கேட்டு வளந்த ஊரு இது. டைரக்டர் மலையாள யட்சி கணக்கா வெள்ளைச் சேலை, விரிச்ச முடி, வெத்திலைக்கு சுண்ணாம்பு கேக்கிறதுன்னு யோசிச்சு வச்சிருந்தாரு. ஷூட்டிங் பாக்க வந்த வில்லுப்பாட்டு அண்ணாவி ஒருத்தர் நேரா அவருகிட்ட போய், சாரே நீங்க எடுக்கது எங்க இசக்கி இல்ல, எங்காளுக்கு கையில பிள்ளை உண்டு, வாயிலயும் பிள்ளை உண்டு, சுண்ணாம்பு கேட்டு ரோட்டுல நிக்கிற வேலை அவளுக்கு இல்லன்னாரு.

டைரக்டர் அவரை உக்கார வச்சு ரெண்டு மணி நேரம் கதை கேட்டாரு. மறுநாள் சேலை மாறிச்சு, சிவப்பு. கள்ளிக் கொம்பு பிள்ளையாகிற சீன் ஒண்ணு புதுசா எழுதினாரு, கேமராவை நிறுத்திட்டு கொம்பை எடுத்துட்டு பிள்ளையை வச்சு மறுபடி ஓட்டுறது, பழைய புராணப்படத்து வித்தை, ஆனா அவ்வளவு நல்லா வந்துச்சு. பிள்ளை எங்க சித்தப்பாக்க பேரன். ஒரே டேக், அழவே இல்ல.

இசக்கின்னு பேரு வைக்கக்கூடாதுன்னு ஒரு பேச்சு வந்துச்சு, மேனேஜர் முப்பந்தல் இசக்கி கோயிலுக்குப் போய் கும்பிட்டுட்டு வந்து பேரை மாத்திட்டாரு. நல்லதுதான் செஞ்சாரு.

ஒரு சிரிப்பான விஷயம், எழுதலன்னா மனசு கேக்காது. சென்னையில இருந்து வந்த லைட்மேன்களுக்கு ரப்பர் வெட்டு பத்தி தெரியாது. விடியுறதுக்கு முன்னால வெட்டுக்காரங்க நெத்தியில லைட்டைக் கட்டிக்கிட்டு மரம் மரமா போவாவல்லா, மூணரை மணிக்கு ஒண்ணுக்குப் போக எழும்பினவன் மரத்துக்கு இடையில ஆள் உயரத்துல வெளிச்சம் மட்டும் அலையுறதைப் பாத்துட்டான். அடுத்த அஞ்சு நிமிஷத்துல யூனிட் தங்கியிருந்த பங்களா முழுக்க எழும்பி வேன்ல ஏறியாச்சு. வெட்டுக்காரர் பால் வாளியோட வந்து, என்ன மக்கா நேரமே கிளம்பிட்டியளான்னு கேட்டாரு.

14 ஜூன் 2024, ராத்திரி 11.50

அக்கா பத்தி எழுதச் சொல்லி நாலு பேரு கேட்டிருக்கீங்க. தெரிஞ்சதை மட்டும் எழுதுறேன்.

சென்னையில இருந்து பஸ்ல வந்தாவ, கூட அவங்க அம்மா. துணை நடிகையா பத்து வருஷம் கூட்டத்துல நின்னவங்க, இதுல தான் முதல் தடவை ஹீரோயின். என்ன சீன் உண்டு என்ன சீன் கிடையாதுன்னு மேனேஜர்கிட்ட ஒரு பேப்பர்ல எழுதி வாங்கியிருந்தாவ, அந்தப் பேப்பர் அம்மாக்க பையில இருக்கும், ஒவ்வொரு நாளும் காலையில எடுத்துப் பாப்பாவ. அருவியில குளிக்கிற சீன் உண்டு, முண்டு கட்டித்தான். அதுக்கு மேல எதுவும் இல்ல. எழுதினபடிதான் எடுத்தாவ, அதுல டைரக்டர் ஒரு இஞ்ச் மாறல.

திற்பரப்புல கூட்டம் வரும் முன்னால எடுக்கணும்னு விடியக்காலம் அஞ்சரைக்கு தண்ணிக்குள்ள இறங்கினாவ. மழைக்காலத்து கோதையாறு, கல்லு மாதிரி குளிரு. துணி துவைக்க வந்த பொம்பளைகள் படிக்கட்டுல நின்னு பாத்துட்டு இருந்தாவ, எங்களுக்கு பயம், சண்டைக்கு வருவாளோன்னு. கட் சொன்ன உடனே அதுல ஒரு பாட்டி இறங்கி வந்து தனக்க துவர்த்தை எடுத்து அக்காக்க தலையைத் துவத்தி விட்டாவ. ‘பிள்ளைக்கு காய்ச்சல் வரும், கொஞ்சம் சுக்கு காப்பி வாங்கி குடுங்கலேய்’ன்னு எங்களைத்தான் ஏசினாவ. ரெண்டாவது டேக் வேணும்னு கேமராமேன் சொன்னாரு, டைரக்டர் வேண்டாம்னுட்டாரு. படத்துல இருக்கது அந்த ஒரு டேக்தான்.

அன்னைக்கு உச்சைக்கே அக்காக்கு காய்ச்சல். மறுநாள் மாத்தூர் தொட்டிப்பாலம், பறளியாத்துக்கு மேல நூறு அடிக்கு மேல உயரம், அந்தக் காத்துல சிவப்புச் சேலையைக் கட்டிக்கிட்டு நடக்கணும். காய்ச்சலோட நடந்தாவ. மட்டிப்பழம் மட்டும்தான் சாப்பிட்டாவ, அதுதான் எறங்குதுன்னு சொல்லுவாவ, நான் குலசேகரம் சந்தையில இருந்து தினம் ஒரு சீப்பு வாங்கிட்டுப் போவேன்.

15 ஜூன் 2024

ஷூட்டிங் ஆடி மாசமான்னு ஒருத்தர் கேட்டாரு, ஆமான்னு கீழ பதில் போட்டிருந்தேன். தப்பு. ஓணத்துக்கு மூணு நாள் லீவு விட்டு திருவனந்தபுரத்துக்காரங்க எல்லாம் வீட்டுக்குப் போனது இப்பத்தான் ஓர்மை வருது, அந்த மூணு நாளும் அக்காவும் அம்மாவும் பங்களாவுல தனியா இருந்தாவ, எங்க வீட்டுல இருந்து அவியலும் பாயசமும் குடுத்து விட்டாவ. அப்ப ஆவணிதான்.

16 ஜூன் 2024, ராத்திரி 10.40

ரிலீஸ் கதைக்கு வரேன். இது நீளமா போகும்.

சென்சார்ல ஏ குடுத்தாங்க, ரெண்டு மூணு இடத்துல ரத்தத்தைக் குறைக்கச் சொன்னாங்க, குளிக்கிற சீனை ஒண்ணும் செய்யல. சர்டிபிகேட்டுல இத்தனை ரீல், இவ்வளவு நீளம்னு தெளிவா போட்டிருக்கும், அதைப் படத்துக்கு முன்னால ஓட்டணும். அந்த நீளத்துல ஒரு அடி கூட்டினாலும் அது வேற படம், சர்டிபிகேட் இல்லாத படம். 1952ம் வருஷத்து சினிமா சட்டத்துல 7வது பிரிவு, மூணு வருஷம் வரைக்கும் ஜெயில், ஒரு லட்சம் வரைக்கும் அபராதம். இதை மனப்பாடமா சொல்லுறேன்னா காரணம் இருக்கு.

முதல்ல போஸ்டர். சிவகாசியில அடிச்சு வந்துச்சு, கட்டைப் பிரிச்சுப் பாத்தா முகம் மட்டும் அக்காக்கது, கழுத்துக்குக் கீழ யாரோ. அந்தச் சேலையும் எங்க படத்துல இல்ல, அந்தக் கட்டிலும் இல்ல. டைரக்டர் பாத்துட்டு ஒண்ணும் பேசாம வெளிய போயிட்டாரு. மைதா பசை காய்ச்சி ராத்திரியோட ராத்திரியா ஒட்டினது நாங்கதான். ஒரு ஸ்கூல் மதில்ல ஒட்டினதை காலையிலேயே பொம்பளைகள் சாணி கரைச்சு ஊத்திட்டாவ. ஞாயித்துக்கிழமை சர்ச் பூசையில சாமியார் பேரு சொல்லாம கண்டிச்சாரு. அவங்களைக் குத்தம் சொல்ல எனக்கு வாய் இல்ல, அந்த போஸ்டரைப் பாத்தா நானும் ஊத்தியிருப்பேன்.

வெள்ளிக்கிழமை நூன் ஷோ. கொட்டகை பேரும் ஊரும் வேண்டாம், மேற்கு பக்கம்னு வச்சுக்கோங்க. பாதி நிறைஞ்சுச்சு. படம் பாத்தவங்க நெசமா பயந்தாவ, கள்ளிக் கொம்பு சீன்ல ஒருத்தர் தாயேன்னு சத்தமா சொன்னாரு, எனக்கு அழுகையே வந்துடுச்சு. ஆனா ஷோ முடிஞ்சு வெளிய வரும்போது ஆளுக, சவம் ஒண்ணும் இல்லலே, காசு போச்சுன்னு திட்டிட்டு போனாவ. சனிக்கிழமை நாப்பது டிக்கெட் கூட கிழியல. ஞாயித்துக்கிழமை நான் வீட்டுக்குப் போயிட்டேன். திங்கள்கிழமை வந்து பாக்கும்போது ஹவுஸ்புல், தலையில துவர்த்தைப் போட்டு மூடிக்கிட்டு வரிசை ரோடு வரைக்கும் நிக்குது.

இடைவேளை விட்டு ஏழாவது ரீல் ஓடிட்டு இருந்துச்சு. அக்கா தொட்டிப்பாலத்துல நடந்து வராவ, அப்படியே ஸ்கிரீன் சிவந்துடுச்சு. ஒரு ரூம், ஒரு கட்டில், வேற ஒரு பொம்பளை, முகமே காட்டல. நாலு நிமிஷம். கொட்டகை முழுக்க விசில். அப்புறம் மறுபடியும் தொட்டிப்பாலம், அக்கா நடந்து வராவ.

17 ஜூன் 2024, காலை 5.30

ராத்திரி எழுதிட்டு உறக்கம் வரல. சிவந்துடுச்சுன்னு ஏன் எழுதினேன்னா, அதுதான் சாட்சி. எங்க பிரிண்ட் லேப்ல இருந்து வந்து ஒரு மாசம் ஆகல, பச்சை பச்சையா ரப்பர் தோட்டம் கண்ணுல ஒத்திக்கலாம். அந்தத் துண்டு முழுக்க ரோஸ் கலர். பழைய கலர் பிலிம் வருஷம் ஆக ஆக நீலமும் பச்சையும் வெளுத்து சிவப்பு மட்டும் நிக்கும், இருபது வருஷமாவது பழசு அது, எந்த நாட்டுப் படமோ. அக்கா ஸ்கூல் போயிட்டு இருந்த காலத்துல எடுத்தது. பிலிம் தெரிஞ்சவன் ஒரு பார்வையில சொல்லுவான். கொட்டகையில இருந்த ஐநூறு பேருக்கு அது தேவைப்படல, முன்னாலயும் பின்னாலயும் அக்கா முகம் இருந்துச்சு, நடுவுல உள்ளதும் அவதான்னு முடிவு கட்டிட்டாவ. இரணியல் வாசகர் பிளஸ் டூவுல கேட்டது இதைத்தான்.

ஷோ முடிஞ்சு கேபினுக்குப் போய் ரீலைத் தொட்டுப் பாத்தேன். 1000 அடி டப்பாவுல 360 அடி கூட சேந்தா மூடி அடையாது. ஏழாவது டப்பா மட்டும் மூடி எழும்பி நின்னுச்சு, சணல் கயிறு போட்டுக் கட்டியிருந்தாவ.

17 ஜூன் 2024, ராத்திரி 9.15

ஆப்பரேட்டரைத் திட்டி எழுதியிருக்கவங்களுக்கு. 11ம் தேதி எனக்கு போன் போட்டவர் அவருதான், அவருகிட்ட கேட்டுட்டுதான் இதை எழுதுறேன்.

துண்டு அவருக்கது இல்ல. கொட்டகைக்கு கொட்டகை கை மாறி வரும், டிபன் கேரியர்ல வச்சு ஒருத்தர் கொண்டு வந்து குடுப்பாரு, வாரக் கடைசியில வந்து வாங்கிட்டுப் போவாரு, அதுக்கு தனி வாடகை. ஒட்டுற வேலை இவருக்கு. பிளேடால பிலிம் மேல உள்ள மருந்தைச் சுரண்டி, பிலிம் சிமெண்ட் தடவி, அமுக்கிப் பிடிச்சா அரை நிமிஷத்துல ஒட்டிரும். ஒட்டுல பிலிம் ஓரத்து ஓட்டை ஒண்ணு தவறினாலும் மெஷின்ல மாட்டி அறுந்துரும், அறுந்தா கீழ நாற்காலி உடையும். டிக்கெட் கவுண்டர்ல ஒரு பெல் சுவிட்சு, போலீஸ் ஜீப் கண்டா அமுக்குவாவ, உடனே அந்த இடத்துல வெட்டி எடுத்து வேட்டி மடியில கட்டிக்கணும். மாட்டினா போறது இவருக்க ஆப்பரேட்டர் லைசென்ஸ். கொட்டகைக்கு சி பாரம், அதாவது படம் ஓட்டுற லைசென்ஸ், போயிடும்னு முதலாளிக்கும் பயம் உண்டு, ஆனா கேபினுக்குள்ள இருக்கது முதலாளி இல்ல. முடியாதுன்னு சொன்னா மறுநாள் வேற ஆள். மெஷின்ல வெளிச்சத்துக்கு எரிக்கிற கார்பன் குச்சி புகையை இருபத்தஞ்சு வருஷம் இழுத்தவர், இப்பவும் பேசினா இருமல்தான் முதல்ல வருது.

அவரு சொன்னதை அப்படியே எழுதுறேன்: ‘மக்கா, படத்தை நான் நல்லா பாத்தேன், நல்ல படம், அதுக்க நடுவுல கத்தியை வச்சது நான்தான்.’

19 ஜூன் 2024

ஒருத்தர் கேட்டிருக்காரு, நடிகைன்னா இதெல்லாம் வரும்னு தெரிஞ்சுதானே வராங்கன்னு. அவருக்கு ஒரு பழைய கதை.

மலையாளத்துல முதல் படம் விகதகுமாரன், எடுத்தவர் ஜே.சி. டேனியல், நம்ம அகஸ்தீஸ்வரத்துல வாழ்ந்து 1975ல அங்கயே செத்துப் போனவர். சொத்தை வித்து படம் எடுத்தாரு. அதுல கதாநாயகி பி.கே. ரோசி, புல்லறுத்துப் பிழைச்ச குடும்பத்துப் பொண்ணு, தலித். படத்துல நாயர் பொண்ணா நடிச்சாவ. 1928ல திருவனந்தபுரம் கேப்பிட்டல் தியேட்டர்ல முதல் காட்சி, அவங்க நடிச்ச படத்தைப் பாக்க அவங்களையே உள்ள விடல. நாயகன் அவங்க தலையில இருந்த பூவை எடுத்து முத்தம் குடுக்கிற இடம் வந்தப்ப ஸ்கிரீன்ல கல்லெறிஞ்சாவ. அப்புறம் குடிசையைக் கொளுத்தினாவ. ராத்திரியோட ஓடி ஒரு லாரியில ஏறி வந்து சேந்தது எங்க? நாகர்கோவில். அந்த லாரி ஓட்டினவரையே கல்யாணம் பண்ணி, ராஜம்மாள்ங்கிற பேருல, நடிகைன்னு யாருக்கும் சொல்லாம கடைசி வரைக்கும் வாழ்ந்தாவ.

முத்தம் குடுத்தது பூவுக்கு. கல்லு விழுந்தது யாருக்கு?

20 ஜூன் 2024

1928 இல்ல 1930னு ரெண்டு பேரு திருத்தியிருக்கீங்க. சரிதான், முதல் காட்சி 1928 நவம்பர்னும் 1930 அக்டோபர்னும் ரெண்டு கணக்கு உண்டு. டேனியலுக்கு அவரு உயிரோட இருக்கும்போது உதவி கேட்டா, நீங்க தமிழ்நாட்டுக்காரர் அங்க கேளுங்கன்னு கேரளாவுல சொன்னதும் உண்மை, 1992ல அவரு பேருலயே விருது வச்சதும் உண்மை. படம் எடுத்து எல்லாம் போன பொறவு பல் வைத்தியம் பாத்துதான் பிழைச்சாரு.

22 ஜூன் 2024, ராத்திரி 12.35

இதை எழுதணுமா வேண்டாமான்னு மூணு நாளா யோசிச்சேன்.

2002, மழை தொடங்கின நேரம். அக்கா மார்த்தாண்டம் வந்தாவ. சம்பளத்துல பாதிக்கு குடுத்த செக் திரும்பிடுச்சு, படம் ஓடுதுன்னு கேள்விப்பட்டு நேர்ல கேக்க வந்தாவ. ஆபீஸ்ல யாரும் இல்லன்னு சொல்லச் சொல்லிட்டாவ, உள்ளதான் இருந்தாவ. நான் பஸ் ஸ்டாண்டு வரைக்கும் கூட்டிட்டுப் போனேன், வழியில ஒரு சாயாக்கடை, பழம்பொரியும் சாயாவும் வாங்கிக் குடுத்தேன். எதிர் பெஞ்சுல நாலு பையன்மாரு. ஒருத்தன் கண்டுபிடிச்சுட்டான். படத்துக்க பேரைச் சொன்னான், அப்புறம் ஒரு சத்தம் போட்டான். கடைக்காரர் அவனை அதட்டினாரு, ஆனா கடைக்காரரும் ஒரு தடவை அக்காவைத் திரும்பிப் பாத்தாரு.

அக்கா பழம்பொரியை இலையிலயே மடிச்சு வச்சாவ. ‘தம்பி, ஊருல எங்க மாமா வந்து படம் பாத்துட்டு அம்மாவை அடிச்சுட்டாரு. நான் பண்ணாத சீனைப் பண்ணினேன்னு சொல்றாரு. பேப்பரைக் காட்டினோம், நம்பல. அப்படி என்ன தம்பி இருக்கு அதுல?’

எனக்கு எல்லாம் தெரியும். ரீலைத் தொட்டுப் பாத்தவன். நான் சொன்னது, போஸ்டரைப் பாத்துட்டு சொல்றாங்க அக்கா, படத்துல ஒண்ணும் இல்ல.

பஸ் ஏத்தி விட்டேன். டிக்கெட் நான் எடுக்கிறேன்னு சொன்னதுக்கு வேண்டாம்னுட்டாவ. ஒரு சீப்பு மட்டிப்பழம் வாங்கி ஜன்னல் வழியா குடுத்தேன், அதை வாங்கிக்கிட்டாவ.

23 ஜூன் 2024

நீயும் அந்தக் காசுலதானே சம்பளம் வாங்கினேன்னு கேட்டிருக்கீங்க. ஆமா. வாங்கினேன். தினம் ராத்திரி டிசிஆர்ல, அதாவது அன்னைக்கு வசூல் கணக்குல, கையெழுத்துப் போட்டது நான்தான், அந்தக் கணக்குல வெள்ளி சனி ஞாயிறு எவ்வளவு, திங்களுக்கு மேல எவ்வளவுன்னு பாத்தவன். துண்டு ஓடுதுன்னு மேனேஜருக்கு ஒரு தடவை சொன்னேன், கேக்காத மாதிரி இருந்தாரு, ரெண்டாவது தடவை நான் சொல்லல. அன்னைக்கு சாயாக்கடையில உண்மையைச் சொல்லியிருந்தா அக்கா ஒரு புகார் குடுத்திருக்கலாம், சட்டம் இருந்துச்சு, துண்டும் டப்பாவும் கையில இருந்துச்சு, சாட்சிக்கு நான் இருந்தேன். 7வது பிரிவு மனப்பாடம்னு சொன்னேன்ல, அதை நான் படிச்சது 2009ல, ஏழு வருஷம் கழிச்சு.

அண்டியாபீஸ் அண்ணாச்சிக்கு போட்ட காசு வந்துச்சு, பத்து மடங்கு எல்லாம் வரல. டைரக்டர் அதுக்கு மேல படம் பண்ணல.

25 ஜூன் 2024, காலை

கீழ ஒருத்தர் படத்துக்க பேரும் அக்கா பேரும் போட்டு, இவங்கதானேன்னு ஒரு போட்டோவும் போட்டிருக்கீங்க. தயவுசெஞ்சு எடுத்துடுங்க. முதல் நாளே கேட்டுக்கிட்டேன். போட்டோ அந்த போஸ்டர்ல உள்ளது, முகம் மட்டும்தான் அவங்களுக்கது. எத்தனை பேரு பாத்திருப்பாங்களோ, உடனே எடுங்க.

25 ஜூன் 2024, அந்திக்கு

எடுத்துட்டாரு. நன்றி.

28 ஜூன் 2024, ராத்திரி 10.10

கேள்வி ஒண்ணு விட்டுப் போச்சு, தோவாளையில இருந்து ஒருத்தர் முதல்லயே கேட்டிருந்தாரு, ராத்திரி சீன்ல அந்தப் புகை எல்லாம் எப்படின்னு. மெஷினுக்கு வாடகை அதிகம், எடுக்கல. காய்ஞ்ச தேங்காய் மட்டையை சட்டியில போட்டு கங்கு ஆக்கி, மேல கொஞ்சம் ஈரத் தேங்காய் நாரும் சாம்பிராணியும் போட்டு, நாலு பேரு முறம் வச்சு விசிறினோம். ரப்பர் தோட்டத்துல காத்து கம்மி, புகை தரையோட ஒட்டி அப்படியே நிக்கும், பாக்க அவ்வளவு அழகு. கண்ணு எரியும், எங்களுக்கே மூச்சு முட்டும். அக்கா அதுக்குள்ள பிள்ளையை இடுப்புல வச்சுக்கிட்டு, பிள்ளை மூக்கை முந்தானையால பொத்திக்கிட்டு, கண்ணு சிமிட்டாம நின்னாவ. ரோல் தீந்து கேமரா சத்தம் நின்ன பொறவு தான் இருமினாவ.